ஞானமலரின் வேதுமரம்

முப்பத்தேழு. இந்த எண்ணை மனத்தில் எழுதி வையுங்கள். 1991 தொடங்கி 1999 வரை, பீலெஃபெல்டிலும் அதைச் சுற்றியுள்ள ஊர்களிலும் பிள்ளை பெற்ற முப்பத்தேழு தமிழ்ப் பெண்களுக்கு ஒரே ஒரு மனுசிதான் வேதுத் தண்ணி வார்த்தார். அவர் பெயர் ஞானமலர். மன்னார்த் தீவில் பேசாலைக்காரி. ஜேர்மனியில் மரக்கன்றுப் பண்ணை ஒன்றில் தொழிலாளி.

எங்கள் சனம் கூட்டம் நடத்தியவனை நினைவு வைத்திருக்கும். மேடையில் பேசியவனுக்கு மாலை போடும். பிள்ளை பெற்று ஆஸ்பத்திரியால் வந்து, முதுகு நிமிர்த்த முடியாமல் கட்டில் விளிம்பில் இருந்தவளின் இடுப்பில் சுடுதண்ணி ஊற்றிய கையைப் பற்றி எவனும் நோட்டீஸ் அடிக்க மாட்டான். அதனால் நான் எழுதுகிறேன்.

வேதுத் தண்ணி பெரிய மந்திரம் இல்லை. நொச்சி, பாவட்டை, ஆமணக்கு, வேம்பு என்று ஊரில் கிடைக்கிற இலைகளைப் பெரிய பானையில் அவிப்பார்கள். பச்சை உடம்புக்காரியை, அதாவது பிள்ளை பெற்று உடம்பு ஆறாதவளை, பலகையில் இருத்தி முதுகிலும் இடுப்பிலும் ஓங்கி ஊற்றுவார்கள். ஊரில் அதற்குத் தாய் இருப்பாள், மாமி இருப்பாள். இங்கே யார் இருந்தது? சண்டைக் காலம். மன்னாருக்கு ஒரு தொலைபேசி எடுக்கக்கூட வழியில்லை.

1991 தை மாதம். ஞானமலரின் கணவர் பீலிக்ஸின் தங்கை லவினியா முதல் பிள்ளை பெற்று வீட்டுக்கு வந்திருந்தாள். வெளியே முழங்கால் அளவு பனி.

"மச்சாள், அம்மா இருந்திருந்தால் இப்ப வேது வைச்சு வாத்திருப்பா," என்றாள். கேட்கவில்லை, சும்மா சொன்னாள். சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாள்.

அடுத்த நாள் பண்ணையில் ஞானமலருக்கு வேலிமரங்களில் இருந்து பனியைத் தட்டிவிடுகிற வேலை. பனிப் பாரத்தில் கொப்பு முறியாமல் இருக்க அப்படிச் செய்வார்கள். நத்தாருக்கு, அதாவது கிறிஸ்மசுக்கு, விற்கிற ஊசிமரங்கள் கையைக் குத்தும். பிசின் கையுறையில் ஒட்டினால் போகாது. மேற்கு மூலையில் நின்ற ஒரு வரிசை மட்டும் அப்படியில்லை. கொப்பு மெத்து மெத்தென்று இருந்தது. ஓர் இலையைக் கசக்கி மணந்து பார்த்தார். தோடம்பழத் தோலின், ஆரஞ்சுத் தோலின், வாசம் மெல்லிசாக வந்தது. மூன்று வருடமாக அதே வரிசையில் களை பிடுங்கியவர் அன்றுதான் அதை மணந்தார்.

முதலாளி புரோக்மன் வயதான ஆள், அதிகம் பேசமாட்டார். ஞானமலர் தன்னிடம் இருந்த ஜேர்மன் சொற்களைப் பொறுக்கி எடுத்து, இது நஞ்சா என்று கேட்டார். எதற்கு என்றார் அவர். பிள்ளை பெற்றவளைக் குளிக்க வார்க்க என்றார் ஞானமலர். கிழவர் சிரிக்கவில்லை. ஞானமலரை இரண்டு மரங்களுக்கு முன்னால் கூட்டிக்கொண்டு போனார்.

தள்ளி நின்று பார்த்தால் இரண்டும் அக்காவும் தங்கையும் மாதிரி. இரண்டும் கரும்பச்சை. இரண்டிலும் தட்டையான சின்ன ஊசியிலை. முதல் மரத்தின் கொப்பு ஒன்றைக் கிழவர் திருப்பினார். அடிப்பக்கத்தில் ஒவ்வோர் இலையிலும் இரண்டு வெள்ளைக் கோடு, சோக்கால் கீறியது போல. மற்ற மரத்தின் கொப்பைத் திருப்பினார். கோடு இல்லை, மங்கின பச்சை மட்டும். கோடு உள்ளது ஹெம்லொக். கோடு இல்லாதது ஐபெ. ஐபெயின் இலையும் நஞ்சு, விதையும் நஞ்சு. குதிரை தின்றால் குதிரை விழும். மனிதர் தின்றால் மனிதர் விழுவார்.

ஹெம்லொக்கில் இன்னும் அடையாளங்கள் உண்டு. இலைகள் ஒரே நீளமில்லை. நெட்டையும் குட்டையும் கலந்து நிற்கும். கொப்பின் மேல்முதுகில் ஒரு வரிசைக் குட்டி இலைகள் குப்புறக் கிடந்து வெள்ளைக் கோட்டை வானத்துக்குக் காட்டும். ஒவ்வோர் இலைக்கும் மயிர் போல ஒரு காம்பு. காய் நெல்லிக்காயை விடச் சிறிசு, கொப்பு நுனியில் தொங்கும். இவ்வளவையும் கிழவர் விரலால் காட்டிவிட்டு, ஹெம்லொக் இலை இரண்டைப் பிடுங்கி வாயில் போட்டு மென்றார். அதுதான் அவர் கொடுத்த உத்தரவாதம்.

அன்று பின்னேரம் லவினியாவின் குளியலறையில் பானை ஆவி பறந்தது. ஆள் திரும்ப இடமில்லாத குளியலறை. ஞானமலர் குளியல் தொட்டிக்குள் பலகை வைத்து அவளை இருத்தி ஊற்றினார். முதல் செம்பிலேயே லவினியா அழத் தொடங்கினாள்.

"சுடுகுதோ?"

"இல்லை மச்சாள். ஊத்துங்கோ."

மரத்தில் மருந்து இருந்ததா என்று என்னிடம் கேட்காதீர்கள். எனக்குத் தெரியாது. ஞானமலரும் இருக்கிறதென்று ஒருநாளும் சொன்னதில்லை. சுடுதண்ணி, மணம், பிடிக்கிற ஒரு கை. இந்த மூன்றும் இருந்தன. செய்தி பரவ அது போதும். குற்றர்ஸ்லோவில் இருந்து கூப்பிட்டார்கள். ஹெர்ஃபோர்டில் இருந்து கூப்பிட்டார்கள். வேலை முடித்து, கொப்புகளைத் துணிப்பையில் திணித்துக்கொண்டு ஞானமலர் பஸ் ஏறுவார். கத்தோலிக்க வீடு, சைவ வீடு என்று பார்த்ததில்லை. தேத்தண்ணியைத் தவிர வேறு எதுவும் வாங்கியதில்லை. கிழவர் கொப்புக்குத் தடை சொன்னதில்லை. வரிசையின் கடைசியில் நின்ற மிகப் பெரிய மரத்தைக் காட்டி, இதில் வெட்டு, அளவாக வெட்டினால் இது தாங்கும் என்று மட்டும் சொல்லியிருந்தார். பெண்கள் அதற்கு வேதுமரம் என்று பெயர் வைத்தார்கள்.

ஞானமலர் வீட்டில் புருசன் பெண்சாதி இரண்டு பேருக்கும் சோறு போட்டது இதே சாதி மரம்தான் என்பது பலருக்குத் தெரியாது. பீலிக்ஸ் வேலை செய்தது ஜேர்மன்காரர் வேர்க்கக் குந்தியிருக்கிற சவுனா அறைகள் செய்யும் பட்டறையில். அங்கே ஆட்கள் குந்துகிற வாங்குகளுக்குப் போடுவது கனடாவில் இருந்து வரும் ஹெம்லொக் பலகை. அது மேற்குக் கரையின் உயர்ந்த இனம். பண்ணையில் நின்றது கிழக்குப் பக்கத்து இனம். ஒன்றுவிட்ட சகோதரங்கள். பலகையில் பிசின் ஓடாது, சூட்டில் ஒழுகாது, குந்துகிறவனின் தோலைச் சுடாது. மிஞ்சியது பெட்டி செய்யவும் கடதாசி செய்யவும் போகும். அந்த நாளில் அமெரிக்காவில் இதன் பட்டையை மட்டும் உரித்துத் தோல் பதனிட எடுத்துக்கொண்டு, மரத்தைக் காட்டிலேயே அழுக விட்டார்களாம். கிழவர் சொன்னது. முதலாளிமார் எங்கேயும் முதலாளிமார்தான்.

"ஊரில வேர்வைக்குப் பயந்து மரத்துக்குக் கீழ ஒதுங்கினம்," என்பார் பீலிக்ஸ். "இஞ்சை வேர்க்கிறதுக்கெண்டே மரத்தில அறை கட்டி விக்கிறாங்கள்."

"நான் கொப்பைப் போட்டு ஆக்களை அவிக்கிறன். நீங்கள் பலகையைப் போட்டு அவிக்கிறியள். பிறகென்ன கதை?" என்பார் ஞானமலர்.

இப்படி நாலு வருடம் போனது. 1995 மாசியில்தான் அந்தச் சம்பவம்.

குமுதினி என்ற பிள்ளைக்கு முதல் குழந்தை. கணவன் ஸ்ரீதரன் இருபத்தாறு வயது, துடிப்பான பெடியன், கேட்க முதல் செய்கிற ஆள். பனியில் பஸ் பிந்திவிட்டது. ஞானமலர் பையோடு படியேறிப் போய் மணி அடிக்க, கதவைத் திறந்த ஸ்ரீதரனின் முகம் முழுக்கப் பெருமை.

"அக்கா, நீங்கள் இனி உந்தப் பையைச் சுமக்கத் தேவையில்லை. நானே வெட்டி, அவிச்சும் போட்டன்."

"எங்கை வெட்டினனீர்?"

"சவக்காலை வேலியில. நல்ல பச்சைப் பசேலெண்டு நிண்டது."

"பிள்ளை பெத்த வீட்டுக்குச் சவக்காலையிலயிருந்து கொப்பு கொண்டுவந்த முதல் ஆம்பிளை நீர்தான்," என்று சிரித்தபடி ஞானமலர் சப்பாத்தைக் கழற்றினார். சிரிப்போடுதான் குசினிக்குள் போனார். பானை கொதித்துக்கொண்டிருந்தது. தோடம்பழ வாசம் வரவில்லை. அகப்பையால் ஒரு கொப்பை எடுத்துத் திருப்பினார்.

கோடு இல்லை.

"குமுதினி எங்கை?"

"அறைக்குள்ள. சளியெண்டவ. அதுதான் உதிலயே ஒரு கோப்பை வடிச்சு, தேனும் விட்டு..."

"குடிச்சிட்டாவோ?"

"சுடுகுதெண்டு ஆற வைச்சவ. ஏனக்கா?"

ஞானமலர் அறைக்குள் ஓடினார். குமுதினி பிள்ளையை ஒரு கையில் அணைத்தபடி மற்றக் கையால் கோப்பையைத் தூக்கிக்கொண்டிருந்தாள். ஞானமலர் கோப்பையோடு சேர்த்து அந்தக் கையைப் பிடித்தார்.

"நாக்கில பட்டதோ? உண்மையைச் சொல்லு."

"இல்லையக்கா. இப்பத்தான் எடுத்தனான். என்ன, சரியாக் கைக்குமோ?"

"ஓம். கைக்கும்," என்றார் ஞானமலர். கோப்பையை வாங்கிக்கொண்டு வெளியே வந்து கதவைச் சாத்தினார்.

அவர் கத்தவில்லை. கோப்பையையும் பானையையும் கழிப்பறையில் கவிழ்த்து ஊற்றினார். பானையைக் குப்பையில் போட்டார். வேறு பானை எடுத்து, பையில் இருந்த தன் கொப்புகளைப் போட்டு அடுப்பை மூட்டினார். குமுதினிக்கு வழக்கம் போல வார்த்து, துடைத்து, படுக்க வைத்தார். அதன் பிறகுதான் ஸ்ரீதரனைப் பல்கனிக்குக் கூப்பிட்டு விசயத்தைச் சொன்னார். பெடியன் அழத் தொடங்கிவிட்டான்.

"அக்கா, நான் என்ர கையால..."

"அழுறதைப் பிறகு அழும். முதல் ரெண்டையும் திருப்பிப் பாரும். இதில கோடு. அதில கோடில்லை. கண்ணை மூடினாலும் தெரியவேணும் உமக்கு."

அன்று முதல் ஒரு சட்டம் வந்தது. எந்தப் புருசனும் எந்த வேலியிலும் கை வைக்கக் கூடாது. கொப்பு வேதுமரத்தில் இருந்து ஞானமலர் கையால்தான் வரும். சட்டம் நல்லது. ஆனால் அது ஒரு மரத்தை நம்பி நின்ற சட்டம்.

அந்த ஐப்பசியிலேயே மரத்துக்கு ஆபத்து வந்தது. கிழவருக்கு ஏலாமல் போய், பண்ணையின் மேற்குப் பகுதியை வீடு கட்ட விற்றுவிட்டார். ஹெம்லொக் வரிசை நின்றது அங்கேதான். அதை வேறிடத்தில் நட்டு வளர்க்கவும் அவருக்கு மனமில்லை. வாங்குகிறவர்கள் கேட்டது மளமளவென்று வளருகிற வேலி. ஹெம்லொக் நல்ல இடத்திலேயே வருடத்துக்கு ஒரு சாண், ஒன்றரைச் சாண்தான் வளரும். நத்தார் மரமாகவும் போகாது. வெட்டி வீட்டுக்குள் வைத்தால் நாலாம் நாள் இலையெல்லாம் கொட்டிவிடும். ஒரு முறை பீலிக்ஸ் ஆசைப்பட்டு நத்தாருக்கு ஒன்றை வைத்துவிட்டு, பாலன் குடிலை இலைக் குப்பைக்குள் இருந்து தோண்டி எடுத்தவர். ஓர் ஆண்டு தவணை. அதன் பிறகு இயந்திரம் வரும் என்றார் கிழவர்.

ஞானமலர் கணக்குப் போட்டுப் பார்த்தார். புதுக்கன்று நட்டால் ஒரு பானைக்குக் கொப்பு வெட்டப் பத்து வருடம் காத்திருக்க வேண்டும். இலையை உதிர்த்துச் சாக்கில் கட்டி வைத்துப் பார்த்தார்; மணம் போய்ப் பூஞ்சணம் பிடித்தது. வேதுமரம் போனால் அடுத்த ஸ்ரீதரன் அடுத்த வேலிக்குப் போவான். அங்கே ஐபெ நிற்கும். எல்லா வீட்டிலும் கோப்பையை ஆற வைத்துக் காத்திருக்க மாட்டார்கள்.

எனக்கு அந்தப் பெரிய மரத்தைத் தாருங்கள் என்று கேட்டார். அது பதினைந்து வருடமாக இடம் மாறாத மரம், வேர் ஆழமில்லாமல் அகலப் படர்ந்திருக்கிறது, கிளப்பினால் சாகும் என்றார் கிழவர். சாகாமல் கிளப்ப என்ன வழி என்றார் ஞானமலர். கிழவர் மண்வெட்டியை எடுத்து, மரத்தைச் சுற்றி மண்ணில் ஒரு வட்டம் கீறிக் காட்டினார். இந்த வட்டத்தில் இப்போதே வேரை வெட்டி, வெட்டின பள்ளத்தில் இலைமக்கு நிரப்பு. ஒரு வருடத்தில் உள்ளே சின்ன வேர்கள் விடும். அதை மண்ணோடு தூக்கலாம். அப்போதும் உறுதி சொல்லமாட்டேன்.

வேலை முடிந்த பின்னேரங்களில் ஞானமலர் அந்த வட்டத்தை வெட்டினார். அதோடு இடமும் தேடினார். எங்கள் ஆட்கள் எல்லாம் வாடகை மாடி வீட்டுக்காரர். ஒரு பூச்சாடிக்கே வீட்டுக்காரன் முகம் சுளிப்பான். மாதத்தில் ஒருமுறை தமிழ்ப் பூசை நடக்கிற கத்தோலிக்கக் கோயிலின் வடக்குச் சுவரோரம் ஒரு துண்டு நிலம் சும்மா கிடந்தது. வெயிலே படாது. பாசியைத் தவிர எதுவும் வளரவில்லை. ஹெம்லொக்குக்கு நிழல் பிடிக்கும். பெரிய மரங்களின் காலடியில் வருடக்கணக்காகப் பொறுத்து நின்று பிறகு மேலே வருகிற சாதி. பங்குச் சாமியார் சம்மதித்தார். தோட்டத்துக்குப் பொறுப்பான ஜேர்மன்காரர் மட்டும் நஞ்சு மரமோ என்று பயந்தார். ஞானமலர் இரண்டு இலையை மென்று காட்டினார். கிழவரிடம் படித்த உத்தரவாதம்.

1996 ஐப்பசியில் ஒரு சனிக்கிழமை மரம் கிளம்பியது. வேர்மண்ணைச் சணல் துணியால் சுற்றி, கயிறால் இறுக்கி, பண்ணையின் இயந்திரத்தால் தூக்கி வண்டியில் ஏற்றினார்கள். கோயிலடியில் இயந்திரம் இல்லை. பலகையும் உருளைக் குழாயும் ஆட்களும்தான். எட்டுப் பேரைத் திரட்டினோம். எட்டுப் பேரும் தலைவர்கள்.

"இஞ்சால சரிக்காதையுங்கோ!"

"அண்ணை, நீங்கள் பிடிக்கிற பக்கம்தான் சரியுது."

"நான் பிடிக்கேல்லை, பாத்துக்கொண்டெல்லோ நிக்கிறன்."

"அதுதான் சரியுது."

எல்லாருக்கும் முன்னால் வந்தவன் ஸ்ரீதரன். பாரம் அதிகமான பக்கத்தில் நின்றவனும் அவன்தான். மரத்தைக் குழிக்குள் இறக்கி, மண் போட்டு மிதித்து, தண்ணி விட்டதும் ஞானமலர் எல்லாரையும் கூப்பிட்டுச் சொன்னார்:

"இனி இதில ஆரும் கத்தி வைக்கக் கூடாது. நானும் வைக்கமாட்டன். ஒரு வருசத்தில நுனி என்ர கைச்சாண் அளவு வளர்ந்து காட்டினால், அது வேர் பிடிச்சிட்டுது எண்டு அர்த்தம். அப்பதான் கத்தி."

அவரது சாண் சரியாக இருபது சென்டிமீட்டர். பீலிக்ஸ் அளவு நாடாவால் அங்கேயே அளந்தார்.

சட்டம் போடுவது சுலபம். அடுத்த பங்குனியில் லவினியாவுக்கு இரண்டாவது பிள்ளை பிறந்தது. ஞானமலர் வெறும் பையோடு போனார்.

"மச்சாள், என்ர பிள்ளைக்காகத்தானே முதல் முதல் இந்த மரத்தில கை வைச்சனீங்கள்?"

"ஓம்."

"இப்ப ஒரு கொப்புக் கேட்டால் இல்லையெண்டுறியள்."

"ஓம்."

"மரம் பெரிசோ, பிள்ளை பெத்தவள் பெரிசோ?"

"வேரை வெட்டிக் கொண்டுவந்து நட்டிருக்கிறம், லவினியா. அதுவும் பச்சை உடம்புக்காரிதான். பச்சை உடம்புக்காரியிட்டை ஆரும் வேலை வாங்குவினமோ?"

லவினியா எழுந்து குளியலறைக்குப் போனாள். ஞானமலர் வெறும் சுடுதண்ணியை அதே பலகையில், அதே கையால் வார்த்தார். கடைசிச் செம்பில் லவினியா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே, "வெறும் தண்ணியும் சுடத்தான் செய்யுது," என்றாள்.

மற்றவர்கள் அவ்வளவு சுலபமாக விடவில்லை. "ஞானமலருக்கு மண்டைக் கனம்" என்றார்கள். "கோயில் மரம் பொது மரம்" என்றார்கள். ஒரு கொப்பும் இல்லை என்று ஒரு பெண் தனியாக அறிவித்து, மூன்று வருடம் நடத்தியும் காட்டினார். நாங்கள் கொடி பிடித்து நடத்திய எந்த வேலைநிறுத்தமும் அவ்வளவு காலம் நின்றதில்லை. அறைந்து சொல்கிறேன்.

ஆனால் மரம் அவர் சொல் கேட்கவில்லை. 1997 கோடையில் நுனி வளர்ந்தது இரண்டே சென்டிமீட்டர். உள்கொப்புகளில் இலை மஞ்சளாகி, தொட்டால் கொட்டியது. மண்ணுக்குள் விரல் விட்டால் சேறு, மணந்தால் சாக்கடை. மழையே இல்லாத ஆடி மாதம். எங்கிருந்து வந்தது இவ்வளவு தண்ணி?

ஒரு நாள் வேலைக்குப் போகும் வழியில் கோயிலடிக்குப் போனார். சுவர் மறைவில் ஸ்ரீதரன் நின்றான். கையில் வாளி. மரத்தின் உச்சியை ஒரு மூங்கில் தடியோடு சேர்த்துச் சேலைத் துண்டால் நேராகக் கட்டி வைத்திருந்தான்.

"என்ன தம்பி இது?"

"அக்கா... கொப்பு வெட்டேல்லை, ஆணையா. நுனி வாடித் தொங்கினது. தலை குனிஞ்சு நிண்டுது. தண்ணி காணாதெண்டு நினைச்சன். வேலைக்குப் போகேக்கை ரெண்டு வாளி, வரேக்கை ரெண்டு வாளி."

"எப்ப தொடக்கம்?"

"நட்ட நாள் தொடக்கம்."

ஞானமலர் ஏணி எடுத்து வந்து ஏறி, சேலை முடிச்சை அவிழ்த்தார். உச்சி மெல்ல வளைந்து பழையபடி தொங்கியது.

"இது இப்பிடித்தான், தம்பி. பிறவிக் குணம். உச்சிக் குருத்து வளைஞ்சுதான் தொங்கும். நிமிர்ந்து நிண்டால் இது வேற மரம். நான் உமக்குக் கொப்பின்ர அடிப்பக்கத்தை மட்டும்தான் காட்டினனான். உச்சியைக் காட்டேல்லை. பாதிப் பிழை என்ர."

"சாகுமோ அக்கா? ரெண்டாந்தரமும் என்ர கையாலயோ?"

"தெரியாது," என்றார் ஞானமலர். பொய் சொல்லி ஆறுதல் படுத்துகிற பழக்கம் அவரிடம் இல்லை. "மண்வெட்டி கொண்டு வாரும்."

அன்று இரண்டு பேரும் வேலைக்குப் பிந்திப் போனார்கள். சுவரோரம் வாய்க்கால் வெட்டி, சரளைக்கல் போட்டுத் தண்ணியை வடிய விட்டார்கள். சேற்றை வழித்தெடுத்து, இலைமக்கும் மரப்பட்டைத் தூளும் கலந்து போட்டார்கள். முடிந்ததும் ஸ்ரீதரன் கேட்டான்:

"இனி நான் என்ன செய்யவேணும்?"

"ஒண்டும் செய்யாதையும். அதுதான் உமக்கு வேலை."

"அது கஷ்டமக்கா."

"தெரியும். அதாலதான் உமக்குத் தாறன்."

அந்த மாரிக் குளிரில் மரத்தின் ஒரு பக்கம் முழுக்கக் காய்ந்தது. பார்க்கச் சகிக்கவில்லை. பூசைக்கு வந்தவர்கள் சிலுவை போட்டுவிட்டுப் போனார்கள். ஞானமலரின் காதுபட ஒருவர், "விறகுக்காவது உதவும்," என்றார். மாசியில் கிழவர் புரோக்மன் ஊன்றுகோலோடு வந்து, அடிமரத்தில் நகத்தால் ஓரிடம் சுரண்டினார். பட்டைக்குக் கீழே பச்சை. இது முதலில் கீழே வளரும், நமக்குத் தெரியாது. அதன் பிறகுதான் மேலே வளரும் என்றார். அதுதான் அவர் கடைசியாகச் சொன்ன பாடம். அந்த வசந்தத்தில் காலமானார். பண்ணை முழுக்க வேறு கைக்குப் போனது. ஞானமலருக்கு மட்டும் வேலை மிஞ்சியது. அந்த வரிசையில் நின்றவற்றில் மிஞ்சியது இந்த ஒரு மரம்.

1998இல் நுனி ஐந்து சென்டிமீட்டர் வளர்ந்தது. ஞானமலர் காய்ந்த பக்கத்தை மட்டும் சுத்தமாக அரிந்து எடுத்தார். பச்சையில் கை வைக்கவில்லை. அந்த வருடம் பிள்ளை பெற்ற ஆறு பேருக்கும் வெறும் தண்ணிதான். ஒருவர்கூட அவரை வேண்டாம் என்று சொல்லவில்லை. இதைக் கவனியுங்கள். மரம் கேட்டு முணுமுணுத்த வீடுகள் எல்லாம், கை வேண்டும் என்று வந்தால் அவருக்குத்தான் தொலைபேசி எடுத்தன.

1999 புரட்டாதி. குமுதினிக்கு இரண்டாவது பிள்ளை. பெண். ஞானமலரின் முப்பத்தேழாவது வீடு. ஆஸ்பத்திரியில் பார்க்கப் போனபோது குமுதினி அவரது கையைப் பிடித்துக்கொண்டாள். நாலு வருடம் முந்தி கோப்பையோடு பிடித்த அதே கை.

"அக்கா, அவர் ரெண்டு வருசமா அந்த மரத்தைத் தொடேல்லை. பார்த்துக்கொண்டு மட்டும் நிக்கிறார். வீட்டில கூடக் கதை குறைஞ்சு போச்சு. எனக்கு வெறும் தண்ணி எண்டாலும் பரவாயில்லை. ஆனா ஒருக்கா அளந்து சொல்லுங்கோ. அந்தாள் நித்திரை கொள்ளட்டும்."

சனிக்கிழமை காலை நாங்கள் கோயிலடியில் கூடினோம். ஞானமலர் இடுப்பில் கத்தியைச் செருகி வந்திருந்தார். கூடவே வெறும் பையும். இரண்டுக்கும் ஆயத்தம். பீலிக்ஸ் பட்டறை அளவு நாடாவோடு ஏணியில் ஏறினார். ஸ்ரீதரன் கீழே ஏணியைப் பிடித்தான். மேலே பார்க்கவில்லை, தன் சப்பாத்தையே பார்த்துக்கொண்டு நின்றான்.

உச்சி வழக்கம் போல வளைந்து தொங்கியது. பீலிக்ஸ் பழைய மரத்துக்கும் புதுக் குருத்துக்கும் இடையில் இருந்த கணுவைத் தேடிப் பிடித்து, அங்கிருந்து குருத்தை ஒரு விரலால் மெல்ல நிமிர்த்தினார்.

"இழுக்காதையுங்கோ," என்றார் ஞானமலர் கீழிருந்து. "இழுத்து அளந்தால் களவு."

"இழுக்கேல்லை, மலர். பிள்ளையைத் தூக்கிற மாதிரித்தான் பிடிச்சிருக்கிறன்."

"எவ்வளவு?"

"பொறு, கண்ணாடி ஆவி பிடிச்சிட்டுது."

"அண்ணை, உங்களுக்குக் கண்ணாடி துடைக்க இப்பவே நேரம் கிடைச்சது?" என்று கத்தினாள் லவினியா.

பீலிக்ஸ் கண்ணாடியைச் சேட்டில் துடைத்துப் போட்டுக்கொண்டு, நாடாவை மறுபடி வைத்தார். ஒரு முறை வாசித்தார். நம்பாமல் இன்னொரு முறை வாசித்தார். ஸ்ரீதரன் அப்போதுதான் தலையைத் தூக்கினான்.

இருபத்தாறு சென்டிமீட்டர். ஞானமலரின் சாணுக்கு மேலே ஆறு.